லுப்பாஷ்குவின் வலது கை

கொஞ்சம் நெருங்கி உட்காருங்கள். என் சிநேகிதன் தோதெரின் மாமன் இஸ்த்ராதேக்கு நடந்தது இது.

பொழுது சாய்ந்து விளக்கு வைக்கிற நேரம். மடத்துக்குப் போகும் ஓக் காட்டுப் பாதை. ஈ காக்கை இல்லை. சேற்றில் தன் பூட்ஸ் சளக்... சளக் என்பதை மட்டும் கேட்டபடி இஸ்த்ராதே நடந்தான். அவனுடைய வாத்தியார் லுப்பாஷ்கு இறந்து ஏழு வருடம். நம் வழக்கப்படி குழியைத் தோண்டி எலும்பைத் திராட்சை ரசத்தில் கழுவ வேண்டும். வாத்தியாருக்குப் பிள்ளை குட்டி இல்லை. அதனால் மாணவனுக்கு ஆள் அனுப்பியிருந்தார் மடத்துக் கெராசிம் சாமியார்.

லுப்பாஷ்கு லேசுப்பட்ட ஆள் இல்லை. நம் மொல்தாவிய நாட்டின் கதையை, கோயில் பாஷையை விட்டுவிட்டு, நம் பேச்சிலேயே எழுதிவைத்தவர். அவர் கண்ணை மூடியதும் அதைப் படியெடுத்தவன் இஸ்த்ராதே. சும்மா படியெடுத்தானா... நடுவில் ஒரு பொய்யைச் செருகினான். கிர்யாக் வீட்டார்தான் துருக்கர் படையெடுத்து வந்தபோது கோட்டைக் கதவைத் திறந்துவிட்டார்கள் என்று. எதற்காக அப்படி எழுதினான்? கிர்யாக் வீட்டாருக்கு ஆகாத ஒரு பிரபு கொடுத்த நரித்தோல் குல்லாய்க்காக. லுப்பாஷ்குவே எழுதியிருக்கிறார் என்று ஊர் நம்பிவிட்டது. அந்த வீட்டுப் பெண்களை இன்றுவரை யாரும் கட்டவில்லை. தூ... சொல்லவே வாய் கசக்கிறது.

மடத்து ஆட்கள் குழியைத் திறந்தார்கள். மண்டை, விலா, கால்... எல்லாம் மஞ்சள் எலும்பு. வலது கை மட்டும்... மணிக்கட்டுக்குக் கீழே சதையோடு இருந்தது. ஈரமாக. வெயிலில் கிடந்த ஆட்டுக்குடல் நாற்றம். நகக்கண்ணில் மை காயவில்லை.

சாமியார் மூக்கைப் பொத்திக்கொண்டார்.

"இவரு பேர்ல எவனோ பொய் எழுதிருக்கான். அதான் மண்ணு திங்கல. உனக்குத் தெரியுமா இஸ்த்ராதே? இப்பச் சொன்னா இந்தக் கை மண்ணாப் போயிரும். மனுஷன் நிம்மதியாத் தூங்குவாரு."

சொன்னால் மானம் போகும். தலையில் இருந்த குல்லாயும் போகும்.

"எனக்கென்ன சாமி தெரியும்?"

"அப்ப கழுவு."

கழுவினான். தோல் வழுவழுவென்று அவன் உள்ளங்கையோடு வந்தது... மை மட்டும் போகவில்லை. துணியில் சுற்றி மறுபடியும் புதைத்தார்கள்.

திரும்பும் வழியெல்லாம் அந்த நாற்றம். வீட்டு வாசலில் சாம்பலைப் போட்டுக் கை எரியும்வரை தேய்த்தான்.

உள்ளே மனைவி சஃப்தா சோளக்களியை நூலால் அறுத்துக்கொண்டிருந்தாள். அவனைப் பார்த்ததும் முகத்தைச் சுளித்தாள்.

"கையக் கழுவிட்டு வாய்யா. குமட்டுது."

இரண்டு கையையும் நீட்டிக் காட்டினான். "கழுவிட்டேன்டி."

அவள் கையில் நூல் அப்படியே நின்றது.

"அது இல்லய்யா... உன் தோள் மேல இருக்கே, அந்தக் கை."