பிணம் சிரிக்கணும்

— ஷாட் ஓகே ருக்மணி மேடம்! குவாரி லாரி அம்புட்டு ஹாரன் அடிச்சும் ஒரு இமை அசையலையே. எந்திரிச்சு, கேமராவப் பாத்து ஒரு சிரிப்பு சிரிச்சிருங்க. பேக்கப் பண்ணிரலாம்.

— மாட்டன்.

— என்னது?

— சிரிக்க மாட்டன் லாவண்யா கண்ணு. பொணமாவே இருந்துக்கறன். இந்தப் பெஞ்சு சொகமாத்தான் கீது.

— ஐயோ, அசிஸ்டென்ட் டைரக்டரா வந்து நான் இன்னும் என்னென்ன பாக்கணுமோ! சாவு சீன் நடிச்சவங்க சிரிச்சாத்தான தோஷம் கழியும்? கங்கப்பன் அண்ணே, நீங்களாவது சொல்லுங்க.

— அம்மா, நான் கேமரா புடிக்க வந்த நாள்லருந்து, பொணம் சிரிக்காம லென்ஸ மூடினதே இல்ல. ஊட்ல பொண்ணு கல்யாணம் வெச்சிருக்கறன், அபசகுனம் பண்ணிராதீங்க. கன்னடத்துலயே கேக்கறன், ஸ்வல்ப நகி அம்மா, கொஞ்சம் சிரிங்கம்மா!

— ஆகல்ல கங்கப்பா. எந்த பாஷையில கேட்டாலும் அதே பதில்தான். தமிழ், கன்னடம், தெலுங்கு, மூணுலயும் செத்தவ நானு. மூணுலயும் சிரிச்சன். அந்தச் சிரிப்பெல்லாம் எங்க?

— அது... எடிட்டிங்ல வெட்டிருவாங்க மேடம். கதையில இல்லைல.

— அதான் கண்ணு. பதினாறு வயசுல நடிக்க வந்தன். கதாநாயகிக்குத் தோழி. அவ பாடுவா, நான் பின்னாடி பூக்கூடைய புடிச்சிகினு நிப்பன். முப்பது வயசுல, என்னைவிட மூத்த கதாநாயகனுக்கு அம்மா. அப்புறம் டீவி வந்துச்சு. அதுலயும் பக்கத்து வூட்டு மாமி. ஒருத்தனாவது என் மூஞ்சிகிட்ட கேமராவ கொண்டாந்தானா?

— க்ளோசப்பே கெடையாதா மேடம்?

— இருந்துச்சே! சாவற வேஷம் போட்டப்பல்லாம், தோஷம் கழிக்க. அத மறுநாளே குப்பையில போட்டாங்க. ஒசூர் டென்ட் கொட்டாயில என் மவன் ராஜ்குமார மடியில வெச்சிகினு படம் பாத்தன். "நீ எங்கம்மா?"ன்னான். அதோ அந்தப் பொணம்தான்னு காட்டுனன். வீல்னு அழுதுட்டான் கண்ணு. இன்னும் அந்த அழுகை காதுல இருக்குது.

— அந்தப் பையன் இப்ப என்ன பண்றாரு மேடம்?

— அவனே இப்ப ஃபேக்டரியிலருந்து ரிட்டையராயிட்டான். இதுக்கு மேல என்னை யாரு கூப்புடப் போறாங்க? இந்தச் சிரிப்பு டீவியில வந்தாவணும். அதுக்கு ஒத்துகினாத்தான் எந்திரிப்பன்.

— செத்தவங்க சிரிக்கிறத எங்க மேடம் வெக்கிறது?

— இந்த சீரியல்ல நான்தான ஊட்டுப் பெரியம்மா, செத்தா கூடத்துல படம் மாட்ட மாட்டீங்களா? மாலை போட்டு, சின்ன பல்பு வெச்சு? அதுல இந்தச் சிரிப்ப மாட்டு. கதாநாயகி தெனம் அதுக்கு முன்னாடி நின்னுதான அழுவா? அழட்டும். அறுபது வருசம் அவளுங்களுக்குப் பின்னாடி நின்னு நான் அழுதன். இனிமே அவ அழட்டும், நான் பின்னாடி நின்னு சிரிக்கறன்.

— யாத்தே! எங்க மதுரைப் பக்கம் வந்திருந்தா நீங்க எலக்சன்லயே நின்னிருப்பீக. இருங்க, டைரக்டர் அஸ்வின் சார் வெளிய மானிட்டர்கிட்ட இருக்காரு, வாக்கி டாக்கியில கேக்குறேன்... சார், பெரியம்மா சிரிப்ப மாலை போட்ட படமா மாட்டணுமாம்... ஆமா சார்... சரி சார். டைரக்டரே ஒத்துக்கிட்டாரு மேடம்!

— சத்தியமா?

— எங்க மீனாட்சி மேல சத்தியமா.

— அப்ப மூக்குல இருக்கற பஞ்ச எடு கண்ணு. கங்கப்பா, கிட்ட வா. இன்னும் கிட்ட வாப்பா, நான் கடிக்க மாட்டன்.

— ரோலிங்ம்மா... அடேயப்பா!

— அண்ணே, சிரிச்சு முடிச்சிட்டாங்கள்ல? கேமராவ நிறுத்தலையா?

— எப்படிம்மா நிறுத்தறது? அந்த மூஞ்சிய விட்டுக் கை வர மாட்டங்குது. இந்தப் பாழாப்போன கண்ணுல வேற தண்ணி.

— இருங்க, சார் வாக்கியில கூப்புடுறாரு... என்ன சார்? திரும்பச் சொல்லுங்க சார்...

— என்ன கண்ணு, சரியா வரலையா? இன்னொரு வாட்டி சிரிக்கட்டுமா?

— வேணாமாம் மேடம். மாலை போட்ட படமும் வேணாமாம்.

— பாத்தியா! காரியம் முடிஞ்சதும் வெட்டிட்டாங்க. அறுபது வருசமா இதேதான்.

— முழுசாக் கேளுங்க மேடம். பெரியம்மா சாகவே வேணாமாம். கண்ண முழிச்சுச் சிரிக்கிறாங்களாம், அங்கருந்துதான் சீரியலே ஆரம்பமாம். சிரிப்ப வெச்சுக்கிட்டு, பொணத்த வெட்டிரச் சொல்றாரு!