பாதி முகத்து வெளிச்சம்

இந்த அறைக்கு ட்யூப்லைட் மாட்டியவருக்கு மனித முகத்தின் மேல் ஏதோ தீராப் பகை இருந்திருக்க வேண்டும். உங்களைக் குறை சொல்லவில்லை, இன்ஸ்பெக்டர் ஐயா. தொழில் புத்தி.

நான் ஒளிப்பதிவாளன். முகத்தில் பாதிக்கு வெளிச்சம், மீதி இருட்டு; அதுதான் என் பாணி. அதைப் பற்றித் தலையணை கனத்தில் ஒரு புத்தகமே இருக்கிறது. அந்த இருட்டில் மனித குலத்தின் குற்ற உணர்வு தெரிகிறதாம். எழுதிய பேராசிரியர் சொல்கிறார். என் முதல் படத்தில் அங்கே இருந்தது ஃபியூஸ் போன ஒரு பல்பு. மாற்று பல்பு எடுத்துவர மறந்தவன் நான். அழுது முடித்துவிட்டுக் கிளம்பும் அவசரத்தில் இருந்தாள் நாயகி. இருந்த ஒரு விளக்கை வைத்து எடுத்துவிட்டோம். விருது கொடுத்தார்கள். விருது வந்த பிறகு பல்பைப் பற்றி யார் பேசுவார்கள்?

ஒருவன் பேசுவான். என் மைத்துனன். அன்றைக்கும் கடைசி வரைக்கும் என் லைட்மேன்.

பாணி என்று வந்த பிறகு வீட்டில் மட்டும் விட முடியுமா? அங்கும் ஒற்றை விளக்குதான். "ஊசியில நூல் கோக்க முடியாத வீட்டுல எனக்கென்ன வேலை?" என்று மனைவி மகளிடம் போய்விட்டாள். அதற்குப் பிறகு என் வீட்டு அழைப்புமணியை அழுத்தியவன் அவள் தம்பி மட்டும்தான். ஞாயிறு தவறாமல் வருவான். "என்ன அத்தான், கரண்ட் போச்சா, இல்ல கலையா?" என்பான். நானும் சிரிப்பேன்.

போன மாதம் என்னைப் பற்றி ஓர் ஆவணப்படம் தொடங்கினார்கள். மறுநாள் அவனுடைய பேட்டி. ஸ்டுடியோவில் ஏணி மேல் நின்று, பெரிய விளக்குக்குள் கையை விட்டுப் பல்பு மாற்றிக்கொண்டிருந்தான்.

"நாளைக்கு அந்தப் பல்பு கதைய எடுத்து விடப்போறேன் அத்தான்."

"வேண்டாம்டா."

"அட, நாலு பேரு சிரிச்சா என்ன? ஆயுசு பூரா மூஞ்சிய உர்ருனு வெச்சு என்னத்தக் கண்டீங்க?"

எங்கள் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு. மேலே இருப்பவன் 'போடு' என்று குரல் கொடுக்கும்வரை கீழே இருப்பவன் சுவிட்சைத் தொடக் கூடாது. மற்றவர்கள் சாப்பிடப் போயிருந்தார்கள். அவன் குரல் கொடுக்கவில்லை. நான் போட்டேன்.

கோபமெல்லாம் இல்லை. அவன் என்றால் எனக்கு உயிர். இப்போதும் ஞாயிற்றுக்கிழமை காலையில் கதவைத் திறந்தே வைக்கிறேன், பழக்கதோஷம்.

நீங்கள் விபத்து என்று எழுதி முடித்துவிட்டீர்கள். மனைவிகூட வந்து என்னைத் தேற்றிவிட்டுப் போனாள். வாயை மூடிக்கொண்டிருந்திருக்கலாம். ஆனால் 'விபத்து' என்ற அந்த ஒரு சொல் உறுத்துகிறது, ஐயா. அவன் கீழே கிடந்தபோது பக்கத்து ஜன்னல் வழியாக முகத்தில் சரியாகப் பாதிக்கு வெளிச்சம் விழுந்தது. மூச்சு இருந்தது. ஆளைக் கூப்பிட்டால் ஓடிவந்து ஜன்னலை மறைத்துக்கொண்டு நிற்பார்கள். மூச்சு அடங்கும்வரை பார்த்துக்கொண்டிருந்தேன்.

அந்தச் சொல்லைத் திருத்தி எழுதுங்கள். அது தற்செயலாக அமைந்ததல்ல. என் பாணி.