ஆட்டை ஆடாகவே பார்க்கச் சொன்ன ஆசிரியைக்கு

ஆன்ற புலமையும் அடங்கிய குரலும் ஒருங்கே அமைந்தவரே! ஆங்கிலத்தின் ஆதிக் கவிதைகளை ஆண்டாண்டாய் எங்கள் மாணவர் நெஞ்சில் நட்டு நீரூற்றியவரே! பனி படர்ந்த புல்வெளியையும், பறவைகள் வழக்காடும் பழங்காட்டையும், கனவில் மட்டுமே கதவு திறக்கும் பூந்தோட்டத்தையும், சாக்பீஸ் தூள் பறக்கும் எங்கள் சாதாரண வகுப்பறைக்குள் சலிக்காமல் அழைத்து வந்தவரே! பாடம் பாதியில் நிற்க மணியடித்தாலும் பதறாதவரே! பணி நிறைவு காணும் பண்புமிகு எங்கள் அக்காவே! வணக்கம்.

வழக்கப்படி இந்த இடத்தில் இன்னும் ஒரு பக்கத்துக்காவது விளிகள் வந்திருக்க வேண்டும். ஏணி, தோணி, மெழுகுவத்தி, கலங்கரை விளக்கம், ஆலமரம் என்று எல்லாவற்றையும் எடுத்துத் துடைத்துத் தயாராகத்தான் வைத்திருந்தோம். சென்ற வாரம் நீங்கள் வந்து அத்தனையையும் பிடுங்கிக்கொண்டு போய்விட்டீர்கள். மடல் எழுத உட்கார்ந்திருந்த எங்கள் மேசைக்கு முன் நின்று, மூக்குக் கண்ணாடிக்கு மேலாகப் பார்த்து நீங்கள் சொன்னது இது:

"எழுதுங்க, வேண்டாம்னு சொல்லல. ஆனா என்னை எதோடயும் ஒப்பிடாதீங்க. வருஷா வருஷம் இந்த மேடையில ஒரு மரத்தையோ விளக்கையோதான் வழியனுப்புறோம். இதுவரைக்கும் ஒரு ஆளைக்கூட வழியனுப்பினதில்ல. அப்புறம் இன்னொண்ணு. முகத்துக்கு நேரா புகழ்ந்தீங்கன்னா எழுந்து போயிடுவேன்."

முதல் நிபந்தனை எங்கள் கையைக் கட்டிப்போட்டது. உவமை இல்லாமல் பாராட்டு மடல் எழுதச் சொன்னால் நாங்கள் எங்கே போவோம்? இரண்டாவதற்கு மட்டும் வழி கிடைத்தது, அதுவும் நீங்கள் கற்றுக்கொடுத்த வழிதான். அரசனிடம் நேராகச் சொல்ல முடியாததை அந்தக் காலத்துக் கவிஞர்கள் ஓர் ஆட்டு மேய்ப்பனைப் பேசவைத்துச் சொல்லிவிட்டார்கள் என்று எத்தனை முறை சொல்லியிருப்பீர்கள்! ஆகவே நாங்களும் யாரோ ஓர் ஆசிரியையின் கதையைச் சொல்கிறோம். யாரென்று தெரிந்தாலும் தெரியாத மாதிரி உட்கார்ந்திருங்கள். எழுந்து போக வேண்டியதில்லை.

ஒரு கல்லூரியில் ஓர் ஆசிரியை இருந்தார். மாணவர்கள் அவருக்கு வைத்திருந்த பெயர் ஆட்டுக்கார மிஸ். அது அவருக்குத் தெரியும், தெரிந்தும் ஒரு நாளும் கோபித்ததில்லை. பட்டப்பெயர் வந்ததற்குக் காரணம் அவருடைய முதல் வகுப்பு. ஆண்டுதோறும் புதிதாக வரும் பிள்ளைகளிடம் ஒரு பழைய பாட்டைக் கொடுத்து, அதில் வருகிற ஆட்டை வரையச் சொல்வார். கொம்பு உண்டா, இல்லையா? மழையில் நனைந்திருக்கிறதா? நொண்டுகிறதா? எல்லாம் பாட்டிலேயே இருக்கிறது, பார்த்து வரைய வேண்டும். எந்த வகுப்பிலும் ஒரு கெட்டிக்காரப் பிள்ளை இருக்குமல்லவா? அது கையைத் தூக்கி, "மிஸ், ஆடுன்னா குடிமக்கள், மேய்ப்பன்னா ராஜா, சரியா?" என்று கேட்கும்.

"அவசரப்படாத. அர்த்தம் எங்கயும் ஓடிப்போகாது. ஆடுதான் ஓடிப்போகும். முதல்ல அதைப் பாரு" என்பார் ஆசிரியை.

இந்தக் கண்டிப்பு மாணவர்களோடு நிற்கவில்லை. இயற்கைக் கவிதை பற்றி எங்களில் சிலர் ஆசிரியர் அறையில் அமர்ந்து அனல் பறக்க வாதிட்டுக்கொண்டிருந்த ஒரு மதியம், சன்னலுக்கு வெளியே கையைக் காட்டி, "அது என்ன மரம்?" என்று கேட்டார். பல ஆண்டுகளாக அதன் நிழலில்தான் வண்டியை நிறுத்துகிறோம். ஒருவருக்கும் தெரியவில்லை. இலக்கணம் நடத்துகிறவர், காற்புள்ளி என்று நாங்கள் கூப்பிடுகிறவர், தொண்டையைச் செருமிக்கொண்டு, "அது வந்துக்கா, நிழல் தர்ற மரம்" என்றார். ஆசிரியை தேநீரைக் குடித்து முடித்தார்.

இப்படி இருக்கையில் அந்தத் துறைக்கு ஒரு கெட்ட காலம் வந்தது. துறைத்தலைவரின் மனைவி காலமானார். துக்கத்துக்குப் போனோம், திரும்பி வந்தோம், அவரும் சில நாளில் வேலைக்குத் திரும்பினார். ஆனால் அவர் அறைக்கதவு அன்றிலிருந்து சாத்தியே கிடந்தது. விடுப்பு விண்ணப்பமும் தேர்வுத் தாளும் கையில் வைத்துக்கொண்டு தாழ்வாரத்தில் ஆசிரியர்கள் நிற்பார்கள். கொஞ்ச நேரம் நின்றுவிட்டு, "சாருக்கு மனசு சரியில்ல போல" என்று கலைந்து போவார்கள். உள்ளே போய் ஒரு வார்த்தை சொல்ல ஒருவருக்கும் வாய் வரவில்லை. என்னவென்று சொல்வது?

(இந்த இடத்தைப் பொதுமேடையில் படிக்கலாமா என்று தலைவரிடமே கேட்டோம். "தாராளமா படிங்க. என்னைப் பத்தித்தான்னு சொல்லியே படிங்க" என்றார். அவர் அனுமதியோடுதான் தொடர்கிறோம்.)

அந்த நிலையில்தான் ஓர் அறிவிப்பு வந்தது. ஆசிரியை ஓய்வு பெறுவதோடு பழங்கவிதைத் தாளும் நீக்கப்படும், அதற்குப் பதிலாக அலுவலகக் கடிதப் பயிற்சி சேர்க்கப்படும், துறைக் கூட்டத்தில் ஒப்புதல் பெறப்படும் என்று தலைவர் கையெழுத்திட்டிருந்தார். அவருக்கு அந்தக் கவிதைகள் மேல் பகையில்லை. புதிதாக ஒருவரைத் தேடி அமர்த்துகிற தெம்பு அவரிடம் இல்லை, அவ்வளவுதான். எங்களுக்கும் அது நம் தலையில் விழாமல் போனால் போதும் என்றிருந்தது.

ஆசிரியை அறிவிப்பைப் படித்தார். கண்ணாடியைக் கழற்றி மடித்து வைத்தார். கதவைத் தூக்கிப் பிடித்தால்தான் திறக்கிற தன் இரும்பு அலமாரியைத் திறந்து, அட்டை கிழிந்த பழங்கவிதைப் புத்தகங்களை ஒவ்வொன்றாக நேராக்கி வைத்தார். பிறகு பக்கத்து இருக்கையிலிருந்த நாடக ஆசிரியையிடம் சொன்னார்:

"நான் போறது நியாயம், வயசாச்சு. அந்தப் பாட்டுங்களுக்கு வயசாகி ரொம்ப நாள் ஆச்சே. அதுங்க ஏன் இப்பப் போகணும்?"

அவர் குரல் உடைந்ததை நாடக ஆசிரியை அன்றுதான் முதன்முதலாகக் கேட்டாராம். தன் வாழ்நாள் உழைப்பு முழுவதும் தன்னோடு வாசலைத் தாண்டிவிடப் போகிறது என்பது ஒருவருக்குச் சின்ன விஷயமா?

கூட்டத்தில் அவர் வாதாடவில்லை. "எனக்கு ஒரே ஒரு வேண்டுகோள். அந்தப் பேப்பர்ல இருந்து ஆளுக்கு ஒரு பாட்டு நடத்துங்க, சாரும்தான். அப்புறம் தூக்கிடுங்க. நான் வாயே திறக்க மாட்டேன்" என்றார். கூட்டம் சீக்கிரம் முடிந்தால் போதுமென்று தலைவர் தலையை ஆட்டினார். யாருக்கு எந்தப் பாட்டு என்று ஆசிரியையே பிரித்துக் கொடுத்தார்.

காற்புள்ளிக்கு வந்தது, ஆந்தையும் ஒரு பாடும் பறவையும் யார் பெரியவர் என்று சண்டை போடுகிற பாட்டு. வகுப்புக்குள் நுழைந்த வேகத்தில், ஆந்தை என்பது முதுமை, பாடும் பறவை என்பது இளமை, இரண்டும் வாழ்க்கைக்குத் தேவை என்று கரும்பலகையில் எழுதி அடிக்கோடும் போட்டுவிட்டார். திரும்பிக் கடிகாரத்தைப் பார்த்தால் வகுப்பு அப்போதுதான் தொடங்கியிருந்தது. பிள்ளைகள் பேனாவை மூடிவிட்டார்கள். கடைசி வரிசைப் பெண் ஒருத்தி எழுந்து, "சார், கடைசியில எது சார் ஜெயிச்சுது?" என்று கேட்டாள். காற்புள்ளிக்கு வேர்த்துவிட்டது. அர்த்தத்தைக் கண்டுபிடித்த மகிழ்ச்சியில் அவர் பாட்டை முடிவு வரை படித்திருக்கவில்லை.

நாடக ஆசிரியை கதையும் அதேதான். கனவுத் தோட்டத்துப் பாட்டில், தோட்டம் என்றால் உலகம், கனவு என்றால் வாழ்வு என்று சொல்லிவிட்டு உட்கார இடம் தேடியிருக்கிறார். அங்கே என்ன பூ பூத்திருந்தது என்று ஒரு பையன் கேட்க, "பூ பூத்திருந்தது" என்றாராம். இருவரும் ஆசிரியையிடம் வந்து நின்றார்கள்.

"அக்கா, பத்து நிமிஷத்துல பாட்டு தீர்ந்துபோச்சு. மீதி நேரமெல்லாம் நீங்க என்னதான் பண்ணுவீங்க?"

"பாட்டு எங்க தீர்ந்துச்சு? உள்ள இருந்த ஆந்தையையும் பூவையும் விரட்டிட்டு வெறும் அர்த்தத்தை வச்சுக்கிட்டு நின்னீங்க. கையில என்ன மிஞ்சும்?" என்றார் ஆசிரியை. திட்டவில்லை. புத்தகத்தை விரித்து, ஆந்தை எந்தப் பழைய அடிமரத்தில் உட்கார்ந்திருக்கிறது, ஏன் அதற்கு அந்தப் பாட்டுக்காரப் பறவையைக் கண்டால் ஆகாது என்று வரிவரியாகக் காட்டினார். மறுநாள் காற்புள்ளி அதே வகுப்பை மறுபடி கேட்டு வாங்கி நடத்தினார். மணியடித்த பிறகும் பிள்ளைகள் எழவில்லை. அந்தப் பெருமையை அவர் இன்றைக்கும் விட்டபாடில்லை.

கடைசியாகத் தலைவரின் முறை. அவருக்காக ஆசிரியை எடுத்து வைத்திருந்தது ஒரு சிறிய பாட்டு. அதைக் கொடுத்துவிட்டு ஆசிரியையால் அறையில் உட்கார முடியவில்லை. வகுப்பறைக்கு வெளியே அந்தப் பெயர் தெரியாத மரத்தடியில் போய் நின்றார். தவறு செய்துவிட்டோமோ என்று உண்மையாகவே பயந்தார். தாள் போனால்கூடப் போகட்டும், நொந்த மனிதரை இன்னும் நோகடித்துவிட்டால் என்ன செய்வது?

தலைவர் தயாரிப்பில்லாமல் வந்திருந்தார். "இதுல வர்ற மேய்ப்பன் யாரைக் குறிக்கிறான்னா..." என்று தொடங்கினார்.

"சார், முதல்ல ஆட்டைப் பார்க்கணும் சார். மிஸ் அப்படித்தான் பண்ணுவாங்க" என்றாள் அந்தக் கடைசி வரிசைப் பெண்.

"சரி, பார்ப்போம். ஆடெல்லாம் எங்க நிக்குது?"

"பட்டிக் கதவுகிட்ட சார். யாராவது வந்து திறப்பாங்கன்னு நிக்குது."

"வெளியில புல் இல்லையா?"

"இருக்கு சார். பனிக்கு அடியில பச்சையாவே இருக்காம். திறந்துவிடத்தான் ஆள் இல்ல."

"ஏன், மேய்ப்பன் எங்க போனான்?"

"வீட்டுக்குள்ளதான் சார் இருக்கான். அவன் பொண்டாட்டி செத்துட்டா. அடுப்பு முன்னால உட்கார்ந்திருக்கான். ஆடு கத்துறது அவனுக்குக் கேக்குது. எழுந்திருக்க முடியல."

அதற்குமேல் தலைவர் கேள்வி கேட்கவில்லை. மேய்ப்பன் யாரைக் குறிக்கிறான் என்றும் சொல்லவில்லை. பாட்டை இன்னொரு முறை வாசிக்கச் சொன்னார். பிறகு இன்னொரு முறை. மணியடித்ததும் பாட்டு இருந்த தாளை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு, நேராக மரத்தடிக்கு வந்தார்.

"மேடம், இதை எனக்குன்னே எடுத்து வச்சீங்களா?"

இல்லை என்று சொல்லித் தப்பித்திருக்கலாம். ஆசிரியை பொய் சொல்லிப் பழகாதவர். "ஆமாம் சார். எனக்கு வேற விதமா சொல்லத் தெரியல. தப்பா இருந்தா மன்னிச்சுக்கோங்க" என்றார்.

தலைவர் சட்டைப்பையிலிருந்த தாளைத் தொட்டுப் பார்த்துக்கொண்டார். "கடைசியில அவன் எழுந்து வந்தானா?" என்று கேட்டார்.

"அதுக்கு முன்னாலயே பாட்டு முடிஞ்சிடுது சார்."

"அப்படின்னா?"

"அப்படின்னா அவனுக்கு இன்னும் நேரம் இருக்கு சார்."

தலைவர் அழுதார். ஓராண்டாக எங்கள் யார் முன்னாலும் அழாதவர், பிள்ளைகள் போய் வருகிற பாதையில் நின்று அழுதார். ஆசிரியை அருகிலேயே நின்றார், வேறொன்றும் செய்யவில்லை.

அக்கா! கதை போதும். நீங்கள் எழுந்து போகாததற்கு நன்றி. இனி நேராகவே பேசுகிறோம்.

பழங்கவிதைத் தாள் நீங்கவில்லை. அறிவிப்பு மறுநாளே திரும்பப் பெறப்பட்டது உங்களுக்குத் தெரியும். அதை நடத்தப் போவது யார் என்பது மட்டும் உங்களுக்குத் தெரியாது, இந்த மேடைக்காக மறைத்து வைத்தோம். அடுத்த பருவத்திலிருந்து தலைவரே நடத்துகிறார். முதல் நாளே பிள்ளைகளை ஆடு வரையச் சொல்லப் போகிறாராம். அவருக்கு ஒரு வகுப்பு முடியாமல் போனால் நான் நீ என்று நாங்கள் போட்டி போடுகிறோம்.

அளந்து பேசி ஆழ்ந்து கற்பித்தவரே! திருத்திய தாளில் திட்டாமல் குறிப்பெழுதியவரே! தேர்வுக்குப் பயந்த பிள்ளைக்குத் தேநீர் வாங்கிக் கொடுத்தவரே! இவை உவமைகள் அல்ல, நடந்தவை, எனவே நீங்கள் தடுக்க முடியாது. உங்கள் முழங்கால் வலி குறையட்டும். கண் தெளிவாக இருக்கட்டும். வீட்டில் உங்கள் கணவர், இனியாவது ஆடுகளை விட்டுவிட்டுத் தம்மோடு இரண்டு வார்த்தை பேசுவீர்கள் என்று காத்திருக்கிறார், அவர் ஆசையும் நிறைவேறட்டும். நோயின்றி, குறையின்றி, நினைத்த புத்தகத்தை நினைத்த நேரத்தில் விரித்து, நீங்கள் நெடுங்காலம் நிறைவாக வாழ நெஞ்சார வாழ்த்துகிறோம்.

இன்னும் இரண்டு செய்திகள். சன்னலோர மரத்தின் பெயரை விசாரித்துத் தெரிந்துகொண்டோம். எப்போது வேண்டுமானாலும் கேளுங்கள், சொல்வோம். உங்களோடு அதை ஒப்பிட மாட்டோம்.

மற்றொன்று, தலைவர் இந்த மடலின் அடியில் தம் கையால் ஒரு வரி சேர்த்திருக்கிறார். எங்களையெல்லாம் எதோடு ஒப்பிட்டிருக்கிறார் என்று பாருங்கள், கண்டிப்பதானால் அவரைக் கண்டியுங்கள். அவர் அறைக்கதவு மூடிக்கொள்ளாமல் இருக்கப் பெரிய அகராதியை முட்டுக் கொடுத்து வைத்திருப்பதை வரும்போது நீங்களும் பார்த்திருப்பீர்கள். அந்த வரியைப் படித்துவிட்டு அமர்கிறோம்:

"மேடம், பாட்டு முடிஞ்ச பிறகு என்ன ஆச்சுன்னு இப்ப எனக்குத் தெரியும். அவன் எழுந்து வந்து கதவைத் திறந்துட்டான். ஆடெல்லாம் மேயப் போயிருக்கு."

என்றும் உங்கள் அன்பை மறவாத,
ஆங்கிலத் துறை ஆசிரியர்களும் அலுவலர்களும்