மூன்று வாய்தா மனுக்களும் ஒரு மணமகளும்

மணமக்களை இணைத்துவைத்துவிட்டு இந்த அவைக்கும் தலைமை ஏற்றிருக்கும் அருட்தந்தை டெக்லான் அவர்களே, மண்டபம் தந்த மீனவர் சங்கத்துப் பெரியோர்களே, மழையென்றும் பாராமல் வந்து மண்டபத்தை மலர்க்காடாக்கிய தாய்மார்களே, கடல் கடந்து வந்த கனடாவின் மைந்தர், மணமகன் ஆங்கஸ் அவர்களே, கில்தூன் நகரத்துத் தலைகளையெல்லாம் தன் கத்தரிக்கோலால் ஆளும் மணமகள் ஃபிடெல்மா அவர்களே, அனைவருக்கும் தபால்காரன் ஃபின்டனின் நன்றி கலந்த வணக்கம்.

"சுருக்கமாப் பேசு" என்கிறார் பின்வரிசை நண்பர். ஐயா, குட்டையானது என் கால்தான், நாக்கு அல்ல.

அந்தக் காலைப்பொழுதை என்னால் மறக்க முடியுமா? கடிதப்பையோடு மிதிவண்டியில் வந்த என்னை, மார்ட்டிமர் டான்சி ஓட்டிவந்த லாரி தூக்கி வீசியது. இறங்கினார், என்னைப் பார்த்தார், ஏறினார், போனார். பார்த்தவர் ஒரே ஒருவர்தான். எதிர்ப்பக்க முடிதிருத்தகத்தின் கண்ணாடிக்குப் பின்னே ஃபிடெல்மா நின்றிருந்தாள். ஓடிவந்து என் தலைக்கடியில் துண்டை வைத்தவளும் அவளே, வழக்கின் ஒரே சாட்சியும் அவளே.

அந்தச் சாட்சிக்கு அந்தக் கோடையில் கனடாவில் கல்யாணம். மணந்து அங்கேயே குடியேறப் போகிறாள் என்பது ஊருக்கே தெரியும், டான்சிக்கும் தெரியும். சாட்சி போய்விட்டால் வழக்கு போய்விடும் அல்லவா? பிறந்தது முதல் மனு: முதுகுவலி, உட்கார முடியவில்லை, வாய்தா வேண்டும். நீதிமன்றம் இரங்கியது, கல்யாணம் தள்ளிப்போனது. அதே வாரம் தங்கை மகள் திருமணத்தில் அவர் ஆடிய ஆட்டத்தை நம்மில் பாதிப்பேர் கண்டோம். ஆமாம் அம்மா, நீங்களும் அவரோடு ஆடினீர்கள், சொல்லவா?

இரண்டாவது மனு: வக்கீலை மாற்றினேன், புதியவர் படித்துப் பார்க்க அவகாசம் வேண்டும்.

"புது வக்கீல் எழுத்துக்கூட்டித்தான் படிப்பாராக்கும்" என்று முணுமுணுத்தாள் ஃபிடெல்மா. கல்யாணம் மறுபடி தள்ளிப்போனது. நீதிமன்றத் தாழ்வாரத்தில் நான் மனம் பொறுக்காமல் சொன்னேன்: "நீ கிளம்பிடு ஃபிடெல்மா. என் கால் ஒடிஞ்சது ஒடிஞ்சதுதான். உன் கல்யாணமும் எதுக்கு ஒடியணும்?"

"சும்மா இரு ஃபின்டன். அந்த ஆளு உன்னைப் பாத்துட்டுத்தான் வண்டியில ஏறினான். அதைச் சொல்லாம மோதிரம் மாட்டினா எனக்கு விரல் அரிக்கும்."

சொல்லிவிட்டு ஆங்கஸை அழைத்தாள். இப்போதைக்குக் கல்யாணத்துக்கு வர முடியாது என்றாள். மறுமுனையில் இந்த மனிதர் என்ன சொன்னார் தெரியுமா? "நீ வர முடியலைன்னா என்ன, நான் வர்றேன். இங்க இருக்கிற அதே கடல் தண்ணிதானே அங்கயும் இருக்கு? படகு அங்கயும் பழுதாகும்."

கைதட்டுங்கள், தகும்.

மூன்றாவது மனுதான் முத்து. "விசாரணையை ஐரிஷ் மொழியில் நடத்த வேண்டும், ஆவணங்களை மொழிபெயர்க்கும்வரை வழக்கைத் தள்ளிவைக்க வேண்டும்." வாழ்நாளெல்லாம் ஆங்கிலமே பேசிய டான்சிக்கு நம் முன்னோர் மொழிமேல் திடீர்த் தாகம். நீதிபதி அம்மையாரோ ஐரிஷ் பேசும் தீவிலே பிறந்தவர். முகம் மலர்ந்து, "காலையில் என்ன சாப்பிட்டீர்கள்?" என்று ஐரிஷிலே கேட்டார். டான்சி விழித்தார், வியர்த்தார். பள்ளியில் நாம் எல்லோரும் படித்து, நாம் எவரும் மறக்காத ஒரே ஐரிஷ் வாக்கியத்தை எடுத்துவிட்டார்: "டீச்சர், நான் கழிவறைக்குப் போகலாமா?"

"தாராளமா போயிட்டு வாங்க" என்றார் நீதிபதி. "வந்ததும் விசாரணையை ஆரம்பிச்சிடலாம்." வக்கீலே மனுவைத் திரும்பப் பெற்றார்.

கூண்டேறினாள் ஃபிடெல்மா. "மழை பெய்த தெருவில், கண்ணாடி வழியே பார்த்தது இவரைத்தான் என்று எப்படி உறுதியாகச் சொல்கிறீர்கள்?" என்றார் வக்கீல்.

"கதவைத் திறந்துக்கிட்டு நான் வெளிய வந்துட்டேன் ஐயா. அவரு என்னை நேராப் பாத்தாரு. நானும் பாத்தேன். அப்புறம்தான் வண்டியை எடுத்தாரு."

ஜூரிகள் குற்றவாளி என்றார்கள். சிறைத்தண்டனை கிடைத்தது, ஓட்டுநர் உரிமம் பறிபோனது.

அன்பர்களே, வாய்தா எதை நம்பி வாழ்கிறது? சட்டத்தையா? இல்லை, நம் சலிப்பை நம்பி வாழ்கிறது. சாட்சி சலிப்பாள் என்று காத்திருந்தார்கள். அவள் சலித்தாளா? சாய்ந்தாளா? சற்றேனும் சறுக்கினாளா? இல்லை, இல்லை, இல்லவே இல்லை.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன், மணமக்கள் மன்னிக்கட்டும். இங்கே வந்து காத்திருந்த மாதங்களில் ஆங்கஸுக்கு நம் துறைமுகத்தில் படகு பழுதுபார்க்கும் வேலை கிடைத்துவிட்டது. ஊரும் பிடித்துவிட்டது. கனடா வீட்டை விற்றுவிட்டு இங்கேயே இருக்க இருவரும் முடிவுசெய்துவிட்டார்கள். இவளை ஊரைவிட்டு அனுப்பத்தான் டான்சி மனுமேல் மனு போட்டார். அந்த மனுக்களே இவளை நம்மோடு நிறுத்திவிட்டன.

வாழ்க மணமக்கள். பொறுமையாய்ச் செவிமடுத்த உங்களுக்கு நன்றி, வணக்கம்.