திக்கி வாசிக்கும் பிள்ளை

ஐயா, உங்கள் அலுவலக வாசலில் நிற்கும் காவலரின் மகன் என் தொலைக்காட்சி நிகழ்ச்சியைப் பார்த்துத்தான் எழுத்துக்கூட்டப் பழகினானாம். உள்ளே அனுப்பும்போது சொன்னார். கேட்கச் சந்தோஷமாக இருந்தது.

நான் துணிக்கடைக்காரர் மகள். விரித்துக் காட்டாத துணி விலைபோகாது என்பார் அப்பா. பள்ளிக்கூடத்தில் டீச்சராகத் தொண்டை வறளக் கத்திய காலத்தில் அது எனக்குப் புரியவில்லை. தொலைக்காட்சிக்கு வந்தபின் புரிந்தது. பாடம் நடத்துவதை யாரும் உட்கார்ந்து பார்க்க மாட்டார்கள். ஒரு பிள்ளை திக்கித் திணறி, உதட்டைக் கடித்து, கடைசியில் ஒரு சொல்லைப் பிடித்துவிடுகிறதே, அதை வீடே பார்க்கும்.

வாசிக்கத் தெரிந்த பிள்ளை திணறி நடித்தால் சாயம் வெளுத்துவிடும். தெரியாத பிள்ளையோ சீக்கிரமே கற்றுக்கொண்டு நம்மை நடுத்தெருவில் விட்டுவிடும். அந்த நேரத்தில்தான் தங்கை தன் மகளை என்னிடம் விட்டுவிட்டு வெளியூர் வேலைக்குப் போனாள். "உன்கிட்ட இருந்தா படிப்புக்கு என்னக்கா குறை?" என்றாள்.

சிட்டு என்று கூப்பிடுவோம். அவள் திணறியது அசல் சரக்கு, பார்த்தவர்கள் உருகினார்கள். இந்தப் பிள்ளை இருக்கும்வரை நிகழ்ச்சி உண்டு என்றார் தயாரிப்பாளர். புலிவாலைப் பிடித்துவிட்டேன். விட்டால் என் பிழைப்பு மட்டுமா போகும், பார்க்கிற அத்தனை பிள்ளைகளின் படிப்பும் அல்லவா போகும்?

படப்பிடிப்பைச் சொல்லிப் பள்ளியை நிறுத்தினேன். வீட்டுக்கு நாளிதழ் வருவதில்லை. சோப்பு உறை, மருந்துப் புட்டி எல்லாவற்றிலும் ஒட்டியிருந்த தாளைச் சுரண்டி எடுத்தேன். அவள் அறை ஜன்னலில் எதிர்க்கடைப் பெயர்ப்பலகை தெரிந்தது. கனத்த திரை தைத்துப் போட்டேன். அப்படியும் ஒருநாள் அரங்கில், சொல் எழுதிய அட்டையைத் திருப்பியதும் கடகடவென்று வாசித்துவிட்டாள். எல்லாரும் கைதட்டினார்கள். நான் அடுத்த அட்டையைத் திருப்பாமல் கவிழ்த்து வைத்தேன்.

அன்றிலிருந்து வீட்டில் நானே பாடம் எடுத்தேன். ஓர் எழுத்தைக் காட்டி வேறொன்றின் ஒலியைச் சொல்வேன். அது மனதில் ஊன்றியதும் மாற்றிவிடுவேன்.

"நேத்து வேற மாதிரி சொன்னீங்களே பெரியம்மா?"

"நேத்தும் இதேதான் கண்ணு. உனக்குத்தான் தங்க மாட்டேங்குது."

அடித்ததில்லை, அதட்டியதுகூட இல்லை. அரங்கில் என் வாயசைவைப் பார்த்து, திணறித் திணறி, கடைசியில் சரியாகச் சொல்லிவிடுவாள். பதிமூன்று வயதாகியும் இரட்டைச் சடையில் சிறுமியாகவே தெரிந்தாள். தனக்கு மண்டையில் ஏதோ கோளாறு என்று தாயிடம் தொலைபேசியில் மன்னிப்புக் கேட்டாளாம். தங்கை என்னிடம் அழுதாள். டாக்டரிடம் கூட்டிப்போனேன், அவரும் குறைபாடுதான் என்றார். படித்தவர் சொன்னால் நான் மறுத்துப் பேசுவதில்லை.

அரங்கில் ஒப்பனை செய்யும் அம்மாதான் உங்களிடம் புகார் சொல்ல வந்தது. பவுடர் டப்பாவைக் காட்டி, "இதைப் படி தங்கம்" என்றிருக்கிறாள். சிட்டு முதல் எழுத்தின்மேல் விரலை வைத்து, "இன்னைக்கு இதுக்கு என்ன சத்தம்?" என்று கேட்டாளாம்.

ஒத்துக்கொள்கிறேன். வேண்டுமென்றே செய்தேன், தெரிந்தே செய்தேன். ஊர்ப்பிள்ளைகள் எத்தனையோ பேருக்கு எழுத்தைக் கொடுத்தேன், ஒருத்திக்குக் கெடுத்தேன். எந்தச் சரக்கிலும் கழிவு உண்டு.

அவளுக்குப் புதிதாக ஓர் ஆசிரியை ஏற்பாடு செய்திருக்கிறீர்களாம். அட்டையை எடுத்தாலே பிள்ளை கண்ணை இறுக மூடிக்கொள்கிறாளாம். வீண்வேலை ஐயா. அவளை என்னிடமே அனுப்பிவையுங்கள். என்னைவிட நல்ல டீச்சர் அவளுக்கு எங்கே கிடைப்பாள்?