வெளிப்பக்கத் தாப்பா

— சாவி உங்க இடுப்புலதான் இருக்குது பாத்திமா அண்ணி. நீங்க நடக்கறப்ப சத்தம் கேக்குது.

— வூடு தீப்புடிச்சா மட்டும் இந்த ரூமத் தொறன்னு சொல்லித்தான் உங்கண்ணன் குடுத்தாரு. ஜன்னல்ல ரசம் வச்சிருக்கேன் லிடியா, ஆறிடப் போவுது.

— நாலு மணிக்கு பஸ் அண்ணி. நாளைக்குப் புதுச்சேரியில நாடகம். நாடகக்கார இல்தாம்மா எடத்துல பெட்டிக்குள்ள நான் ஒக்காரணும். முடிச்சதும் அவங்க சொந்த நாடு பிரேசிலுக்கே போயிடுவாங்க. பெட்டி எனக்குன்னு சொல்லிட்டாங்க.

— ஐயே. பெட்டிக்குள்ள குந்திக்கினு இருக்கறது ஒரு நாடகமா? பாட்டு இல்ல, வசனம் இல்ல.

— அம்பது வருசமா அதான் போடறாங்க. அவங்க நாட்டுல ராணுவம் ஆண்டப்ப, இருபது வயசுல ஆரம்பிச்சது. மரப்பெட்டி, தாப்பா வெளிப்பக்கம். பாக்கற சனத்துல யாராச்சும் எழுந்து வந்து தொறந்தாத்தான் நாடகம் முடியும்.

— தொறக்கலன்னா?

— உள்ளயே இருப்பாங்க. ஒரு ஊர்ல பதினோரு மணி நேரம். சனம் கை தட்டிட்டு வூட்டுக்குப் போயிடுச்சாம்.

— பாவிங்க.

— நம்ம வெள்ளிமல சந்தையில எவ்ளோ நேரம் தெரியுமா? நாலே நிமிசம். ஒரு அம்மா மரவள்ளி மூட்டைய எறக்கி வச்சிட்டு வந்து தாப்பாவ இழுத்துச்சி. பொம்பளைய அடச்சி வச்சி இன்னாடா வேடிக்கன்னு எங்களத்தான் திட்டிச்சி. இல்தாம்மா அது கையப் புடிச்சிக்கினு அழுதாங்க. இந்தக் கெழங்கே எங்க நாட்டுலேர்ந்து வந்ததுதான்னாங்க.

— அடுத்த சந்தையில உன்னைய உள்ள குந்த வச்சாங்க.

— எழுவத்திரண்டு வயசு அண்ணி. முட்டி மடங்கல. இனிமே நீ ஒக்காருன்னாங்க.

— அங்க எடுத்த போட்டோதான உனக்குப் பேசின மணலூர்பேட்ட மாப்ள வூட்டுக்குப் போச்சி. அதுலதான் உன்னைய அடச்சி வச்சிட்டாரு. உங்கண்ணனுக்குப் பூட்டத்தான் தெரியும்.

— உங்களுக்குப் பாக்கத்தான் தெரியும். மூணு நாளா வெளிய குந்திக்கினு பாக்கறீங்க. அந்தப் பதினோரு மணி நேர சனத்துக்கும் உங்களுக்கும் இன்னா வித்தியாசம்?

— ரசம் ஆறுது.

— நேத்து பூசையில மாதாகிட்ட இன்னா வேண்டிக்கினீங்க?

— பூசைக்குப் போவல.

— ஏன்?

— தலவலி.

— என் போனத்தான் அண்ணன் புடுங்கிக்கினாரு. பால்காரர்கிட்டயாச்சும் ஒரு வார்த்த சொல்லி இருக்கலாமில்ல?

— அவரு ஜன்னல் கம்பி வழியா ஊத்திட்டுப் போயிடறாரு. பக்கத்துலயே உங்கண்ணன் நிக்கறாரு.

— அழுவறீங்களா?

— இல்ல. மணி இன்னா?

— மூணு பத்து. இந்தக் கடியாரம் அஞ்சு நிமிசம் ஸ்லோ.

— தள்ளி நில்லு. இந்தப் பூட்டு கொஞ்சம் முரண்டு புடிக்கும்... வா.

— அண்ணி... செருப்பு எங்க? நான் ஓடிடறேன். அண்ணன் கேட்டா நான்தான் ஒடச்சேன்னு சொல்லிடுங்க.

— மொதல்ல ரசம் குடி. வாசக்கதவுல வெளிப்பக்கம் பூட்டு தொங்குது, மூணு நாளா. அந்தத் தைரியத்துலதான் இந்தச் சாவிய என் கையில குடுத்துட்டுப் போறாரு.