தோள்மூட்டு நோவு

பாலமுனையில் ஏறிய இரண்டு பெண்கள் கல்முனை பஸ்ஸில் எனக்கு முன்னால் இருந்தார்கள். மூத்தவர் வலது கையை மடியில் கிடத்தியிருந்தார்.

"தோள்மூட்டு நோவு எண்டு ஆஸ்பத்திரிக்குப் போனா, அந்தக் கவுன்சிலிங் மிஸ் மனசில என்ன கிடக்கு எண்டு கேக்கிறா, மச்சி."

"மனசுக்கும் தோளுக்கும் என்ன?"

"உள்ளுக்க வெச்சிருக்கிறது உடம்புல நோவா வருமாம். ஆருட்டயும் மன்னிப்புக் கேக்காம இரிக்கிங்களா எண்டா."

"மக்காவுக்கு உம்றாவுக்குப் போகக்குள்ள வீடு வீடாப் போய்க் கேட்டீங்கதானே?"

"ஓம். தங்கச்சிட்ட மட்டும் கேக்கல்ல."

பஸ் நிந்தவூரில் நின்று புறப்பட்டது. நான் ஜன்னலைப் பார்ப்பதுபோல் இருந்தேன். மூத்தவர் குரலைத் தாழ்த்தினார்.

"அவள் கலியாணம் முடிச்சா நான் இரிக்கிற வாப்பாட வீட்டைச் சீதனமா அவளுக்கு எழுதணும். அதான் மாப்பிள வீட்டுக்கு, அவளுக்கு வலிப்பு எண்டு சொல்லி விட்டன். பொய், மச்சி. அதுக்குப் பிறகு ஒரு சம்பந்தமும் வரல்ல."

"இப்பயாவது கேளுங்களேன்."

"என்னத்துக்கு மன்னிப்பு எண்டு கேப்பாள். அவளுக்கு இன்னும் தெரியா."

மூத்தவர் இடது கையால் வலது தோளைப் பிடித்துக்கொண்டார்.

"இந்தத் தோளுக்கு எண்ணெய் தடவி விடுறதும் அவள்தான். தடவக்குள்ள, நோகுதா ராத்தா எண்டு கேப்பாள்."